28 படி மேலே ஒரு லோயர் ஆபீஸ்: சுங்கை சிப்புட்டில் எங்கள் விபத்துக் கேஸ்

மலேசியாவில் பேராக் மாநிலத்து எங்கள் ஊரான சுங்கை சிப்புட்டில் விபத்துக் கேஸுக்கு நல்ல லோயர் யார் என்று என் வேனில் ஏறும் பிள்ளைகளின் பெற்றோர் அடிக்கடி கேட்கிறார்கள். ஒவ்வொருவரிடமும் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டே கதை சொல்ல முடியவில்லை. அதனால் ஒரு தடவை எழுதி வைக்கிறேன். ஆபீஸின் பெயரைப் போடவில்லை. குறையும் சொல்லப் போகிறேன், அவர்களைக் கேட்காமல் பெயர் போடுவது முறையில்லை. ஊர்க்காரர்களுக்கு அடையாளம் போதும்: கடைவீதியில் கீழே காப்பிக் கடை, பக்கத்தில் ஜெராக்ஸ் கடை, மேலே ஏற 28 படி, கைப்பிடி ஒரு பக்கம்தான்.

கேஸ் என் தங்கச்சியுடையது. 2022 பிப்ரவரியில் மாப்பிள்ளை இரவு ஷிப்ட் முடிந்து மோட்டாரில் வீட்டுக்கு வந்துகொண்டிருந்தார். விடியற்காலை, மழை விட்ட நேரம். தோட்டத்துச் செம்மண் சாலையிலிருந்து செம்பனைக் குலை ஏற்றிய லோரி ஒன்று மெயின் ரோட்டில் திரும்பியது. அவ்வளவுதான். வயது 42. பிள்ளைகள் இரண்டு, பெரியவளுக்கு 13, சின்னவனுக்கு 9. மாப்பிள்ளையின் அம்மாவும் அதே வீட்டில், அவருக்கு 71.

மூன்றாம் நாள் பந்தல்கூடப் பிரிக்கவில்லை, ஒரு ஆள் வந்தான். வெள்ளைச் சட்டை, கையில் ஃபைல். இந்த ஊரில் இவர்களை 'ரன்னர்' என்போம், மலாய்க்காரர்கள் 'ஊலாட்' என்பார்கள். புழு. பெயர் சரியாகத்தான் வைத்திருக்கிறார்கள். "அக்கா, ஒரு சென் செலவு வேண்டாம், வருவதில் 25 விழுக்காடு மட்டும் எங்களுக்கு. இங்கே ஒரு கையெழுத்துப் போடுங்கள்" என்று தங்கச்சியிடம் பேனாவை நீட்டினான். எந்த லோயர் என்று கேட்டேன். அதை அப்புறம் சொல்வதாகச் சொன்னான். பேனாவை வாங்கி நானே வைத்துக்கொண்டேன், இன்னும் வேனில்தான் இருக்கிறது, நன்றாக எழுதுகிறது. வென்றால் இத்தனை விழுக்காடு என்று பேசிக் கேஸ் எடுப்பது 1976ஆம் ஆண்டு வழக்கறிஞர் தொழில் சட்டப்படி இந்த நாட்டில் கூடாது என்பது எனக்கு அப்போது தெரியாது. அவன் முகம் பிடிக்கவில்லை, அதுதான் காரணம்.

இந்த ஆபீஸுக்குப் போனது கிராணிக்காக (தோட்டத்துக் கணக்குப்பிள்ளையை அப்படித்தான் சொல்வோம்). அங்கே ஃபைல் பார்க்கும் பெரியவர் ஒரு காலத்தில் எங்கள் தோட்டத்துக் கிராணி. செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டை எழுதிய கை. ஒரு நாள் வேலைக்கு வராதவன் பெயருக்கு நேராகச் சிவப்புக் கோடு போட்டுவிட்டு, அவன் அப்பா வந்து கெஞ்சினாலும் அழிக்காத ஆள். அந்தக் கண்டிப்பு இப்போது நமக்காக வேலை செய்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். முதல் நாளே ஒரு தாளில் எழுதிக் கொடுத்தார்: போலீஸ் ரிப்போர்ட், போலீஸ் வரைந்த விபத்துப் படம், பிரேதப் பரிசோதனை அறிக்கை, இறப்புச் சான்றிதழ், திருமணப் பதிவு, பிள்ளைகளின் பிறப்புப் பத்திரம், சம்பளச் சிலிப், இ.பி.எஃப் (ஊழியர் சேமநிதி) கணக்கு. "அழுவதற்கு நேரம் இருக்கும்மா. சிலிப் தொலைந்தால் திரும்பக் கிடைக்காது" என்றார். தங்கச்சிக்குக் கோபம் வந்தது. எனக்கும்தான். ஆனால் இரண்டரை வருடம் கழித்துக் கோர்ட்டில் எங்களைக் காப்பாற்றியது அந்தத் தாள்.

லோயர் ஒரு அம்மா, ஐம்பது வயதிருக்கும். பேச்சில் சர்க்கரை கிடையாது. முதல் சந்திப்பிலேயே சுவரில் தொங்கிய காலண்டரில் போன மாதத் தாளைக் கிழித்து, அதன் பின்பக்கத்தில் கணக்குப் போட்டார். நான் எதிர்பார்த்தது வேறு. ஒரு மனிதன் இறந்துவிட்டான், நீதிபதி குடும்பத்தைப் பார்ப்பார், மனசுக்குத் தோன்றிய தொகையைச் சொல்வார் என்றுதான் நினைத்திருந்தேன். அப்படி இல்லை. 1956ஆம் ஆண்டுச் சிவில் சட்டத்தில் 7ஆம் பிரிவு என்று ஒன்று இருக்கிறது, வாய்பாடு மாதிரி. அவர் சொன்னதை என் மொழியில் சொல்கிறேன்.

இறந்தவர் மாதம் எவ்வளவு சம்பாதித்தார்? அதில் தன் சொந்தச் செலவுக்கு எவ்வளவு எடுத்துக்கொண்டார்? கழித்து வரும் மிச்சம்தான் குடும்பம் இழந்தது. அதை 12ஆல் பெருக்கினால் ஒரு வருடத்து இழப்பு. அதை எத்தனை வருடத்தால் பெருக்குவது? இதுவும் நீதிபதியின் விருப்பம் இல்லை. இறந்தவருக்கு 30 வயது அல்லது அதற்குக் கீழ் என்றால் 16 வருடம். 31 முதல் 59 வரை என்றால், 60இலிருந்து வயதைக் கழித்து இரண்டால் வகுக்க வேண்டும். மாப்பிள்ளைக்கு 42. 60இல் 42 போனால் 18, பாதி 9. ஒன்பது வருடம்தான். நான் வாயடைத்துப் போனேன். இன்னும் 18 வருடம் உழைத்திருப்பாரே என்றேன். "மொத்தப் பணம் ஒரே தடவையில் கைக்கு வருகிறது, இடையில் நோய் நொடி வந்திருக்கலாம், வேலை போயிருக்கலாம், எல்லாவற்றுக்கும் சேர்த்துத்தான் பாதி" என்றார். அப்புறம் நானே ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தேன். 30 வயதில் இறந்தால் 16, 31இல் இறந்தால் 14.5. ஒரு பிறந்தநாள் கேக்குக்கு ஒன்றரை வருடச் சம்பளம் போகிறது. சட்டம் எழுதியவர்கள் இதை யோசித்தார்களா தெரியாது.

நாங்கள் கொஞ்சம் அதிர்ஷ்டக்காரர்கள் என்றும் சொன்னார். அந்த நேரத்தில் அதிர்ஷ்டம் என்ற சொல் கசந்தது, ஆனால் கணக்கு உண்மை. 2019 செப்டம்பர் 1ஆம் தேதிதான் சட்டம் மாறியது. அதற்கு முந்திய விபத்தென்றால் 60க்குப் பதில் 55, ஒன்பது வருடத்துக்குப் பதில் ஆறரை. மனைவியின் துக்கத்துக்கென்று சட்டம் வைத்திருக்கும் தொகையும் அப்போது 10,000 வெள்ளி (ரிங்கிட்), இப்போது 30,000. அந்த 30,000க்குக் கண்ணீரை நிரூபிக்க வேண்டாம், பேரம் கிடையாது, கூடவும் செய்யாது குறையவும் செய்யாது.

இன்னொன்றையும் அன்றைக்கே உடைத்துச் சொன்னார். மாப்பிள்ளைக்கு ஏப்ரலில் லைன் லீடர் பதவி தருவதாக ஃபேக்டரியில் சொல்லியிருந்தார்கள். தங்கச்சி அந்த வாட்சாப் செய்தியைக் காட்டினாள். "இதைக் கோர்ட் பார்க்காது. இறந்த அன்றைக்கு என்ன வருமானமோ அதுதான். சம்பளம் உயர்ந்திருக்கும் என்பதைக் கணக்கில் எடுக்கக்கூடாது என்று சட்டமே சொல்கிறது." அதே வருடம் மே மாதம் நாட்டில் குறைந்தபட்சச் சம்பளம் 1,500 வெள்ளியானது, 2025 பிப்ரவரியில் 1,700. மாப்பிள்ளையின் சம்பளம் மட்டும் 2022 பிப்ரவரியிலேயே நின்றுவிட்டது. வேறு ஆபீஸில் இதை யாரும் முதல் நாள் சொல்லியிருக்க மாட்டார்கள். ஆசை காட்டிவிட்டுக் கடைசியில் கோர்ட் மேல் பழி போட்டிருப்பார்கள். இந்த ஆபீஸுக்கு நான் கொடுக்கும் மார்க்கில் பாதி இதற்குத்தான்.

இப்போது அந்தச் சொந்தச் செலவு விஷயம். இதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் இதற்கு யாரும் உங்களைத் தயார்படுத்த மாட்டார்கள். மாப்பிள்ளை தனக்கென்று மாதம் எவ்வளவு செலவு செய்தார் என்று எழுதிக்கொண்டு வரச் சொன்னார்கள். தங்கச்சியும் நானும் சமையலறை மேசையில் சின்னவனின் பழைய கணக்கு நோட்டைத் திறந்து உட்கார்ந்தோம். மோட்டாருக்கு எண்ணெய். ஷிப்ட் முடிந்து வரும் வழியில் ரொட்டி சானாய் இரண்டு, தே தாரிக் ஒன்று. சிகரெட். ஹேண்ட்போன் டாப்அப். முடிவெட்ட 15 வெள்ளி. "அண்ணே, வீட்டில் சாப்பிட்ட சோற்றையும் எழுதணுமா?" என்று கேட்டாள். எழுதணும். செத்துப்போன புருஷன் எத்தனை கரண்டி சோறு தின்றான் என்று விலை போடுவதுதான் அந்த ராத்திரி எங்கள் வேலை. மாதம் இரண்டு நாள் நண்பர்களோடு பீர் குடிப்பார், அதை அவள் எழுதவில்லை. நானும் எழுதச் சொல்லவில்லை. மறுநாள் கிராணி நோட்டைப் பார்த்துவிட்டு, "இவர் பீர் குடிக்காதவரா?" என்றார். அதே தோட்டத்து ஆள் அல்லவா. தங்கச்சி முதல்முறையாகச் சிரித்தாள். பிறகு 60 வெள்ளி சேர்த்து எழுதினோம். குறைத்து எழுதினால் எதிர்ப்பக்க லோயர் குறுக்கு விசாரணையில் ஒரு பொய்யைப் பிடித்து மீதி எல்லாவற்றையும் பொய்யாக்கிவிடுவார் என்று கிராணி சொன்னதை நான் மறக்கவில்லை.

வருமானத்திலும் ஒரு பாடம். மாப்பிள்ளை ஞாயிற்றுக்கிழமைகளில் புல் வெட்டும் மிஷினைத் தோளில் போட்டுக்கொண்டு தாமான் தாமானாக, அதாவது குடியிருப்புக் குடியிருப்பாகப் போவார். மாதம் 500, 600 வெள்ளி பார்ப்பார். எல்லாம் ரொக்கம், ஒரு துண்டுச் சீட்டு கிடையாது. ஆனால் கோயில் வளாகத்துக்கு மாதம் 150 வெள்ளிக்கு வெட்டினார், எங்கள் கோயில் பொருளாளர் பத்துக் காசுக்கும் வவுச்சர் எழுதுகிறவர். எல்லோரும் அவரைக் கேலி செய்வோம். கோர்ட் அந்த 150ஐ ஏற்றுக்கொண்டது, மீதியை ஏற்கவில்லை. பொருளாளருக்கு அந்தத் தைப்பூசத்தில் நான் ஒரு வேட்டி எடுத்துக் கொடுத்தேன்.

காத்திருக்கும் நாற்காலியில் ஒரு நாள் ஒரு பாட்டியைப் பார்த்தேன். அவருடைய கணவர் ஜாகா (காவல்) வேலை பார்த்தவர், வயது 63, சைக்கிளில் போகும்போது கார் மோதியது. 1,300 வெள்ளி சம்பளத்தில் இருவரும் பிழைத்தார்கள். 60 தாண்டியவரின் சம்பள இழப்பை இந்தச் சட்டம் பார்க்காது. துக்கத் தொகையும் ஈமச் செலவும்தான். லோயர் அம்மா அதையும் அவரிடம் நேராகவே சொன்னார். பாட்டி தலையாட்டிவிட்டு, "அப்படின்னா அவர் சம்பாதிச்சது சம்பாதிச்சதில்லையா?" என்று மட்டும் கேட்டார். அந்த அறையில் யாரிடமும் பதில் இல்லை.

நாங்கள் கேஸ் போட 2023 ஆகிவிட்டது. இறந்த நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் போட்டாக வேண்டும், அதற்கு மேல் கதவைச் சாத்திவிடுவார்கள். கிராணி அந்தக் கடைசித் தேதியை ஃபைல் முகப்பில் சிவப்பில் எழுதியிருந்தார், பழைய பழக்கம். கேஸ் போட்டதும் லோரியின் இன்சூரன்ஸ் தரப்பிலிருந்து சமாதானத்துக்கு வந்தார்கள். இரண்டு பக்கமும் பாதிப் பாதி தவறு என்று வைத்துக்கொண்டு 90,000 வெள்ளி. எனக்கு வாங்கிக்கொள்ளலாம் என்றிருந்தது, உண்மையைச் சொல்கிறேன். வீட்டுக் கடன் நான்கு மாதம் பாக்கி. லோயர் அம்மா போலீஸ் படத்தை மேசையில் விரித்து, கண்ணாடித் துண்டுகள் சிதறிய இடத்தைப் பேனாவால் காட்டினார். மாப்பிள்ளை வந்த பாதையில்தான் எல்லாம் கிடந்தது, லோரிதான் அந்தப் பாதைக்குள் வந்திருக்கிறது. "முடிவு உங்களுடையது. ஆனால் பாதி என்பது அதிகம்" என்றார். கட்டாயப்படுத்தவில்லை. பிள்ளைகள் சின்னவர்கள் என்பதால் சமாதானமாகப் போனாலும் கோர்ட் பார்த்து ஒப்புக்கொள்ள வேண்டும் என்பதும் அன்றுதான் தெரிந்தது. தங்கச்சி ஒரு வாரம் யோசித்து, வேண்டாம் என்றாள்.

விசாரணை ஈப்போ செஷன்ஸ் கோர்ட்டில். மோட்டார் விபத்துக் கேஸ் எவ்வளவு பெரிய தொகையானாலும் செஷன்ஸிலேயே நடக்கும். தங்கச்சி தமிழில் சாட்சி சொன்னாள், ஜுருபாசா (கோர்ட் மொழிபெயர்ப்பாளர்) மலாயில் சொன்னார். ஹெல்மெட் வாரைப் போட்டிருந்தாரா, எத்தனை வேகம், தூக்கக் கலக்கமா என்று எதிர்ப்பக்கம் கேட்டுக்கொண்டே இருந்தார்கள். ராத்திரி முழுக்க வேலை செய்தவன் தூங்கியிருப்பான் என்பது அவர்கள் வாதம். சுருக்கமாகச் சொன்னால் மூன்று தடவை தள்ளிப்போனது, மூன்று நாள் என் வேன் ஓடவில்லை.

2024 நவம்பரில் தீர்ப்பு. சிலிப்படி சம்பளமும் ஓவர்டைமும் சராசரி 2,350, கோயில் 150, மொத்தம் 2,500. சொந்தச் செலவு 900 கழித்து 1,600. வருடத்துக்கு 19,200. ஒன்பதால் பெருக்கி 1,72,800. துக்கத் தொகை 30,000. ஈமச் செலவுக்கு நாங்கள் கேட்டது 9,000, ரசீது இருந்த 5,200 மட்டும் கொடுத்தார்கள். கருமாதிக்கு வந்த ஐயரிடம் யார் ரசீது கேட்பது? ஆக மொத்தம் 2,08,000. ஈர ரோட்டில் வேகம் கூடுதல் என்று மாப்பிள்ளை மேல் 20 விழுக்காடு தவறு போட்டார் நீதிபதி, அதைக் கழித்து 1,66,400 வெள்ளி. பணம் வரும்வரை வருடத்துக்கு 5 விழுக்காடு வட்டி தனி. பழைய சட்டமாக இருந்திருந்தால் சம்பளக் கணக்கில் மட்டும் 48,000 குறைந்திருக்கும். அவருடைய இ.பி.எஃப் பணத்தையோ ஆயுள் காப்புறுதிப் பணத்தையோ இதில் கழிக்கவில்லை, கழிக்கவும் கூடாது.

பங்கையும் கோர்ட்டே பிரித்தது. மாப்பிள்ளையின் அம்மாவுக்கு 20,000, பிள்ளைகளுக்கு ஆளுக்கு 40,000, மிச்சம் 66,400 தங்கச்சிக்கு. பிள்ளைகள் பணம் 18 வயது வரை அமானா ராயாவில் (அரசாங்க அறங்காவல் நிறுவனம்). மாமியாருக்கும் மருமகளுக்கும் நடுவில் பணச் சண்டை வரும் என்று ஊரில் இரண்டு பேர் காத்திருந்தார்கள், ஏமாந்தார்கள். இன்சூரன்ஸ் தரப்பு மேல்முறையீட்டுக்குப் போகவில்லை. ஜனவரியில் பணம் வந்தது.

கட்டணம் 14,000 வெள்ளி, மூன்று தவணை, ஜெயித்தாலும் தோற்றாலும் அதே தொகை என்று ஆரம்பத்திலேயே கடிதத்தில் எழுதிக் கொடுத்தார்கள். ரிப்போர்ட், சம்மன் செலவுக்கு 1,500 முன்பணம். அந்த ரன்னர் கேட்ட 25 விழுக்காடு என்றால் 41,600 ஆகியிருக்கும்.

குறைகள். போன் எடுக்க மாட்டார்கள். வாட்சாப்பில் இரண்டு நீலக் கோடு விழும், பதில் மூன்று நாள் கழித்து வரும். முன்னால் உட்கார்ந்திருக்கும் பெண் எங்கள் கேஸ் காலத்தில் மூன்று தடவை மாறினாள், ஒவ்வொருத்தியிடமும் மறுபடி முதலிலிருந்து கதை. நாங்கள் கொடுத்த ஒரு சிலிப்பைத் தொலைத்துவிட்டார்கள், நான் போட்டோ பிடித்து வைத்திருந்ததால் தப்பித்தோம். மாப்பிள்ளையின் அம்மாவால் அந்த 28 படி ஏற முடியாது. ஆனால் இதில் ஒன்று சொல்ல வேண்டும், அவர் ரேகை வைக்க வேண்டிய நாளில் லோயர் அம்மா மை டப்பாவோடு கீழே காப்பிக் கடைக்கு இறங்கி வந்தார், ரேகை வைத்த பிறகு விரலைத் தன் டிஷ்யூவால் துடைத்தும் விட்டார்.

பெரிய குறை சொக்சோ, அதாவது தொழிலாளர் சமூகப் பாதுகாப்புக் காப்புறுதி. வேலையிலிருந்து வீட்டுக்கு வரும் வழியில் நடந்த விபத்தும் வேலை விபத்தாகவே கணக்கு. மனைவிக்கு ஐந்தில் மூன்று பங்கு, பிள்ளைகளுக்கு இரண்டு பங்கு என்று மாதாமாதம் பென்ஷன் உண்டு. கோர்ட் கேஸுக்கும் இதற்கும் சம்பந்தம் இல்லை, தனி மனு. இந்த ஆபீஸில் ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. ஐந்து மாதம் கழித்துக் கோயிலில் பூக்கட்டும் அக்கா சொல்லித்தான் தெரியும், அவருக்கும் இதே மாதிரி நடந்திருக்கிறது. கேட்டால், "நீங்கள் போட்டிருப்பீர்கள் என்று நினைத்தோம்" என்றார் கிராணி. அவர் அப்படி நினைத்த ஒரே தடவை அதுதான். ஐந்துக்கு நாலு நட்சத்திரம். ஐந்தாவது அதில் போனது.

போகிறவர்கள் எல்லாத் தாளையும் கீழேயே ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு ஏறுங்கள். கீழே 20 சென், மேலே 50 சென். கார் நிறுத்தப் பின் சந்து நல்லது, முன்பக்கம் நகராண்மைக் கழகத்து ஆள் சம்மனோடு நிற்பார்.